2029ல உலகம் அழியப் போகுதுன்னு வீட்டுக்காரர் சேமிப்பையே நிறுத்திட்டார், நான் என்ன பண்றது?

கேள்வி:

மேடம், எனக்கு 43 வயசு, ஒரு பொண்ணு ஒரு பையன். வீட்டுக்காரர் நல்ல மனுஷன், குடி சிகரெட் எதுவும் கிடையாது, ஆபீஸ்ல கணக்கு பாக்கற வேலை. ஒன்றரை வருஷமா ராத்திரி ஆனா வீடியோ பாக்க உட்கார்ந்துடறார். 2029 ஏப்ரல் 13 வெள்ளிக்கிழமை அபோஃபிஸ்னு ஒரு விண்கல் பூமியில மோதப் போகுதாம், நாசாவுக்கு தெரிஞ்சும் மறைக்கறாங்களாம். முதல்ல வெறும் பேச்சா தான் இருந்துச்சு. இப்போ 2029க்கு அப்புறம் முதிர்வு ஆகற ரெண்டு இன்சூரன்ஸையும் கட்டறத நிறுத்திட்டார். என்கிட்ட சொல்லாம பர்சனல் லோன் வேற வாங்கியிருக்கார், கேட்டா திருப்பிக் கட்டற வேலையே வராதுங்கறார். ஆனா தினமும் ஆபீஸ் போறார், செடிக்கு தண்ணி ஊத்தறார், பல் வலின்னு டாக்டர்கிட்ட போய் பல்ல அடைச்சுட்டு கூட வந்தார். போன வாரம் பொண்ணு, அப்பா சொல்றது நெஜம்னா நான் எதுக்கும்மா பரீட்சைக்கு படிக்கணும்னு கேட்டா, எனக்கு பதில் வரல. எவ்வளவோ கட்டுரை எடுத்துக் காட்டிட்டேன், சண்டைல தான் முடியுது. இன்னொண்ணும் சொல்லிடறேன், சில ராத்திரி ஒருவேளை நெஜமாவே இருந்துட்டான்னு எனக்கே பயமா வருது. இத யார்கிட்டயும் சொன்னதில்ல.

பதில்:

வணக்கம் சகோதரி. இவ்வளவு எழுதியிருக்கீங்க, அதுல எனக்கு நம்பிக்கை குடுத்தது அந்த பல் வலி தான். உலகம் அழியுதுங்கறார், ஆனா பல்ல அடைச்சுக்கிட்டு வர்றார், அப்போ நடிக்கறாரான்னு உங்களுக்கு ஒரு சந்தேகம் வந்திருக்கும். நடிப்பு இல்லம்மா. ராத்திரி வீடியோ பாக்கற மனசு வேற, காலைல ஆபீஸ் கிளம்பற மனசு வேற, ரெண்டும் ஒண்ணோட ஒண்ணு பேசிக்கறதே இல்ல. இந்த மாதிரி பயத்தோட வர்றவங்கள்ல பெரும்பாலானவங்க இப்படித்தான், பயம் ஒரு பக்கம் ஓடும், வாழ்க்கை ஒரு பக்கம் ஓடும். நீங்க அந்த ராத்திரி மனசோட தான் இத்தனை நாளா சண்டை போட்டுட்டு இருக்கீங்க, அத விட்டுட்டு பல் டாக்டர்கிட்ட போன மனசோட பேசுங்க. 2029 பத்தி அவர் என்ன வேணா நம்பிட்டு போகட்டும், அந்த நம்பிக்கைய வெச்சு பின்னாடி சரி பண்ண முடியாத முடிவு எதையும் வீட்ல எடுத்துடக் கூடாது, இப்போதைக்கு உங்க வேலை அவ்ளோதான்.

முதல்ல உங்க பயத்த பாத்துடலாம், ஏன்னா நீங்க உள்ளுக்குள்ள நடுங்கிட்டு அவர்கிட்ட தைரியமா பேசினா அவருக்கு அது உடனே தெரிஞ்சிடும். அபோஃபிஸ் நெஜமான விண்கல் தான், 2004ல கண்டுபிடிச்சாங்க, அகலம் சுமார் 340 மீட்டர். அந்த வருஷ டிசம்பர்ல 2029ல மோதறதுக்கு 2.7 சதவீதம் வாய்ப்புன்னு கணக்கு வந்தது, அதுவும் நெஜம், வீடியோக்காரங்க இதோட நிறுத்திக்குவாங்க. அதே மாசமே பழைய படங்கள தோண்டினப்போ, அந்த வருஷம் மார்ச்ல எடுத்த படத்துல இதே கல் மாட்டியிருந்தது தெரிஞ்சு, அத சேர்த்துக் கணக்கு போட்டதும் 2029 மோதல்ங்கற பேச்சே முடிஞ்சு போச்சு. அப்புறம் 2021 மார்ச்ல ராடார் வெச்சு அளந்து, இன்னும் நூறு வருஷத்துக்காவது மோதாதுன்னு சொல்லிட்டாங்க. 2029 ஏப்ரல் 13 அன்னிக்கு அது பூமிக்கு மேல ஏறக்குறைய 32,000 கிலோமீட்டர் தூரத்துல கடந்து போகும், டிவி சாட்டிலைட்டெல்லாம் சுத்தற 36,000 கிலோமீட்டர விட கிட்ட. படிக்க திக்குன்னு தான் இருக்கும், ஆனா அந்த தூரத்துல பிழை வந்தாலும் சில கிலோமீட்டர் தான் வரும், ஆயிரக்கணக்குல வராது.

மறைக்கறாங்கங்கற பேச்சுக்கும் ஒண்ணு சொல்றேன். 2025 பிப்ரவரில 2024 ஒய்ஆர்4ன்னு வேற ஒரு விண்கல்லுக்கு 2032 டிசம்பர்ல மோத 3.1 சதவீதம் வாய்ப்புன்னு நாசாவே வெளிப்படையா போட்டாங்க, கொஞ்ச நாள்லயே அது கிட்டத்தட்ட ஒண்ணுமில்லாம போனதையும் போட்டாங்க. மறைக்கணும்னா முதல் நம்பரையே போட்டிருக்க மாட்டாங்களே. மோதற வாய்ப்பு ஏறிட்டு திடீர்னு இறங்கறது ஏமாத்து வேலை மாதிரி தெரியும், அப்படி இல்ல. திருட்டு கேஸ்ல முப்பத்தேழு பேர் மேல சந்தேகம்னு வைங்க, ஒவ்வொருத்தரா விசாரிச்சு அனுப்ப அனுப்ப மிச்சம் இருக்கறவங்க மேல சந்தேகம் கூடிட்டே போகும், அந்த மிச்சத்துல நீங்க இருந்தா உங்க மேலயும் தான், உங்க முறை வந்து நீங்க அந்த நேரத்துல வேற ஊர்ல இருந்தீங்கன்னு தெரிஞ்ச உடனே பூஜ்யம். விண்கல் பாதைய கணிக்கும்போது கல் போகக்கூடிய இடங்களோட பட்டியல்ல பூமியும் அப்படி கடைசி வரைக்கும் நின்னுட்டு, அளவு துல்லியமான உடனே வெளிய வந்துடும். இத உங்களுக்காக தான் சொன்னேன், ராத்திரி முழிப்பு வந்தா நினைச்சுக்க. அவர்கிட்ட இத வெச்சு வாதம் ஆரம்பிக்காதீங்க.

ஏன் ஆரம்பிக்கக் கூடாதுன்னா, நீங்க காட்டின கட்டுரைங்க தோத்ததுக்கு காரணம் அதுல தகவல் பத்தாம இல்ல. இந்த மாதிரி பயம் இருக்கறவருக்கு தாங்க முடியாதது ஆபத்து கூட இல்ல, தெரியாம இருக்கறது தான். வீடியோ பாத்தா ஒரு பத்து நிமிஷம் ஏதோ தெரிஞ்சுகிட்ட மாதிரி ஒரு தெம்பு வரும், அப்புறம் அது வடிஞ்சிடும், மறுபடி அடுத்த வீடியோ. கட்டுரை காட்டினாலும் அதே கதி தான், பத்து நிமிஷம் தெம்பு, அப்புறம் சரி ஆனா இது எப்படின்னு அடுத்த கேள்வி. நீங்க பதில் சொல்லச் சொல்ல கேக்கற பழக்கம் தான் வளரும்.

இன்னொண்ணு தோணுது, தப்பா எடுத்துக்காதீங்க. கணக்கு பாக்கற மனுஷன், நடு வயசு, ரெண்டு பிள்ளைங்க படிப்பு, ரிட்டையர் ஆனப்புறம் என்ன, வேலை நிலைக்குமா, உடம்பு எப்படி இருக்கும், இதுல ஒண்ணுக்கும் தேதி கிடையாது. 2029 ஏப்ரல் 13க்கு தேதி இருக்கு, அதுக்கப்புறம் எந்த பொறுப்பும் இல்ல. பயங்கரமான தேதி தான், ஆனா சில பேருக்கு அதுல ஒரு ஓய்வும் இருக்கு, அத அவங்களே ஒத்துக்க மாட்டாங்க. அவர் முதல்ல நிறுத்தினது எதன்னு பாருங்க, ரொம்ப தூரத்துல இருக்கற எதிர்காலத்துக்கு கட்டற பணத்த. நல்ல மூட்ல இருக்கும்போது, காலை நேரமா இருந்தா ரொம்ப நல்லது, இப்படி கேட்டுப் பாருங்க: "ஒரு பேச்சுக்கு வைங்க, அந்த கல் வரலன்னா 2030ல உங்களுக்கு எத நினைச்சு கவலையா இருக்கும்?" அவர் என்ன பதில் சொன்னாலும் குறுக்க பேசாம கேளுங்க. விண்கல்ல விட பெரிய விஷயம் அதுக்குள்ள இருக்கும்னு நினைக்கறேன். ஆபீஸ்ல ஏதாவது நடந்திருக்கா, அந்த லோன் பணம் எங்க போச்சு, இதெல்லாம் நீங்க எழுதவே இல்ல, அதனால கேக்கறேன்.

லோன் விஷயத்துல மட்டும் பொறுமை வேண்டாம். இது தான் ஆபத்து, கல் இல்ல. 2011 மே 21 உலகம் முடியுதுன்னு அமெரிக்காவுல ஹரோல்டு கேம்பிங்னு ஒரு ரேடியோ பிரசங்கி சொன்னார், அவரே 1994 செப்டம்பர்ல ஒரு தடவ சொல்லி நடக்காம போனது தான். அத நம்பி நியூயார்க்ல ஓய்வு பெற்ற ஒரு ஊழியர் தன் சேமிப்புல இருந்து 1,40,000 டாலர் எடுத்து விளம்பரத்துக்கே செலவு பண்ணினார். அன்னிக்கு சாயங்காலம் ரோட்டு நடுவுல நின்னு காத்துட்டு இருந்தார், ஒண்ணும் நடக்கல, சுத்தி நின்னவங்க சிரிச்சாங்க. பிரசங்கி அக்டோபர் 21ன்னு தேதிய மாத்தினார், அதுவும் போச்சு, 2012ல தப்பு தான்னு ஒத்துக்கிட்டார். ஒத்துக்கிட்டா செலவான பணம் திரும்பி வந்துடுமா? 1844 அக்டோபர் 22ல உலகம் முடியும்னு காத்திருந்த வில்லியம் மில்லர்ங்கற அமெரிக்க பிரசங்கியோட கூட்டத்துலயும் பயிர அறுக்காம விட்டவங்க, கடைய மூடினவங்க இருந்தாங்க, அவங்களுக்கு அக்டோபர் 23 தான் நெஜமான கஷ்டம்.

அதனால அவர்கிட்ட இப்படி பேசுங்க: நீங்க சொல்றது நடந்தா கட்டின பணத்தால நமக்கு ஒரு நஷ்டமும் இல்ல, ஏன்னா நாமளே இருக்க மாட்டோம், நடக்கலன்னா கட்டாம விட்டது நம்ம பிள்ளைங்க தலைல விழும், கணக்கு நீங்களே போடுங்க. கணக்கு பாக்கறவருக்கு இது புரியும், இதுல அவர் நம்பிக்கைய விட்டுக்குடுக்க வேண்டிய அவசியமும் இல்ல. கூடவே சில விஷயங்கள எழுதியே வெச்சுக்கங்க. புதுசா கடன், சொத்து விக்கறது, வேலைய விடறது, பிள்ளைங்க படிப்ப நிறுத்தறது, இதெல்லாம் ரெண்டு பேரும் சம்மதிச்சா தான், அதுவும் பேசின அன்னிக்கே இல்ல, ஒரு மாசம் கழிச்சு. மத்தபடி டார்ச் லைட், மருந்துப் பொட்டி, குடிதண்ணி கேன் வாங்கி வெக்கணும்னு சொன்னா வாங்கட்டும், வெள்ளம் புயல்னு வந்தா உதவும், அதுக்கெல்லாம் சண்டை போட்டு சக்திய வீணாக்காதீங்க. நின்னு போன இன்சூரன்ஸ் பல நேரம் ஒரு குறிப்பிட்ட காலத்துக்குள்ள பாக்கிய கட்டினா திரும்ப உயிர் பெறும், எவ்வளவு நாள்ங்கறது அந்தந்த பாலிசில இருக்கும், கம்பெனிக்கு இந்த வாரமே போன் போட்டு கேளுங்க. லோன் பணத்துல கைல மீதி இருந்தா அத அப்படியே திருப்பிக் கட்ட முடியுமான்னும் பாருங்க.

வீடியோ விஷயம். போன பிடுங்காதீங்க, மறைச்சு வெக்காதீங்க, அப்புறம் பாத்ரூம்ல உக்காந்து பாப்பார். நேரத்த மாத்தச் சொல்லுங்க, பாக்கறதுன்னா சாயங்காலம் அரை மணி நேரம் பாருங்க, படுக்கறதுக்கு முன்னாடி ஒரு மணி நேரம் வேண்டாம்னு. தூக்கம் கெட்ட மனசுக்கு எல்லா பயமும் நெஜமா தெரியும், முதல்ல தூக்கத்த சரி பண்ணினாலே பாதி இறங்கும். ஆலோசனைக்கு கூப்பிடும்போதும் விண்கல் பேச்சே எடுக்காதீங்க, தூக்கம் சரியில்லயே ஒரு தடவ காட்டிட்டு வரலாமேன்னு கூப்பிடுங்க. பொய் இல்லயே, பல்லுக்கு போனவர் தூக்கத்துக்கும் வருவார். இந்த மாதிரி கவலைக்கு சிபிடின்னு சொல்ற பேச்சு சிகிச்சை நல்லா வேலை செய்யும், சில பேருக்கு மருந்தும் கூட தேவைப்படும், அத டாக்டர் பாத்து சொல்லட்டும்.

இப்போ கொஞ்சம் கஷ்டமான விஷயம், ஆனா சொல்லாம விட முடியாது. தூக்கமே இல்லாம ரெண்டு மூணு நாள் சுறுசுறுப்பா இருக்கறது, எனக்கு மட்டும் செய்தி வருதுங்கறது, யாரோ பேசறது கேக்குதுங்கறது, ஆசையா வெச்சிருந்த பொருள எல்லாருக்கும் குடுக்க ஆரம்பிக்கறது, நாம எல்லாரும் ஒண்ணா முன்னாடியே போயிடலாம்ங்கற மாதிரி பேச்சு, இதுல எது வந்தாலும் காத்திருக்காதீங்க, அன்னிக்கே மனநல டாக்டர்கிட்ட, முடியலன்னா ஆஸ்பத்திரி எமர்ஜென்சிக்கு கூட்டிட்டு போங்க. 1997 மார்ச்ல ஹேல் பாப் வால் நட்சத்திரம் வந்தப்போ கலிஃபோர்னியாவுல ஒரு குழுவுல 39 பேர் தாங்களாவே உயிர விட்டுட்டாங்க, அதனால இத பயமுறுத்தலா நினைக்காதீங்க. சாகணும்னு தோணுதான்னு நேராவே கேக்கலாம், கேட்டா அந்த எண்ணத்த நாமளே விதைச்சுடுவோம்ங்கறது தப்பான பயம், கேட்டா பல பேர் மனசு விட்டு பேசுவாங்க. உங்க லெட்டர்ல இப்படி எதுவும் எனக்கு தெரியல. செடிக்கு தண்ணி ஊத்தறார், நல்லது.

பொண்ணு கேட்ட கேள்விக்கு வர்றேன். 1780 மே 19, அமெரிக்காவுல நியூ இங்கிலாந்து பகுதியில பட்டப்பகல்ல வானம் இருட்டிப் போச்சு, நடுப்பகல்ல மெழுகுவர்த்தி ஏத்தற அளவுக்கு. தீர்ப்பு நாள் வந்துடுச்சுன்னு ஜனங்க சர்ச்சுக்கு ஓடினாங்க. கனெக்டிகட் சட்டசபையில ஒரு அவை அப்பவே கலைஞ்சு போச்சு, இன்னொரு அவையிலயும் கலைச்சுடலாமான்னு பேச்சு வந்தப்போ ஏபிரகாம் டேவன்போர்ட்னு ஒரு உறுப்பினர் எழுந்து ஒத்துக்க மாட்டேன்னுட்டார். தீர்ப்பு நாள் இல்லன்னா கலைக்கறதுக்கு காரணமே இல்ல, தீர்ப்பு நாள் தான்னா நான் என் கடமைய செஞ்சுட்டு இருக்கறதா இருக்கணும், அதனால விளக்கு கொண்டு வாங்கன்னு சொன்னதா பதிவு இருக்கு. இருட்டுக்கு காரணம் காட்டுத் தீ புகைன்னு பின்னாடி கனடா மரங்கள்ல இருந்த தீக்காயத்த வெச்சு கண்டுபிடிச்சாங்க. இந்த கதைய பொண்ணுக்கு சொல்லலாம், ஆனா எனக்கு இதுல பிடிச்சது வீரம் இல்ல, அந்த மனுஷன் இது தீர்ப்பு நாளா இல்லையான்னு வாதாடவே இல்ல பாருங்க. ரெண்டுல எதுவா இருந்தாலும் அடுத்த வேலை ஒண்ணு தான்னு முடிச்சுட்டார்.

நம்ம பக்கமும் இருக்கு. 1962 பிப்ரவரில மகர ராசியில எட்டு கிரகம் கூடுதுன்னு இந்தியா முழுக்க யாகம், பூஜைன்னு ஒரே பயம், அந்த வாரம் பொறந்த குழந்தைங்களுக்கு இன்னிக்கு பேரப்பிள்ளைங்களே இருப்பாங்க.

கதை சொல்றதுக்கு முன்னாடி அவகிட்ட ஒரு விஷயம் நேரா சொல்லிடுங்க. அப்பாவுக்கு ஒரு பயம் வந்திருக்கு, பெரியவங்களுக்கும் வரும், அந்த கல்ல அளந்தவங்க மோதாதுன்னு சொல்லிட்டாங்க, வீட்டு பணம் உங்க படிப்பெல்லாம் அம்மா பாத்துக்கறேன், இவ்வளவு போதும். அப்பா லூசுன்னோ அப்பா பேச்ச கேக்காதன்னோ சொல்லாதீங்க, அவ அப்பாவ விட்டுக்குடுக்கவும் முடியாம உங்கள நம்பவும் முடியாம நடுவுல மாட்டிக்குவா. அப்புறம் எந்த பாடம் வரலன்னு கேளுங்க. எதுக்கு படிக்கணும்னு கேக்கற பிள்ளைங்கள்ல பாதி பேருக்கு விண்கல்லும் கிடையாது ஒண்ணும் கிடையாது, கணக்கு பாடத்துல மாட்டிட்டு முழிப்பாங்க, தப்பிக்க ஒரு வழி கிடைச்சா விடுவாங்களா. பையன பத்தி நீங்க ஒரு வரி கூட எழுதல, அவன் பேசலன்னா பயம் இல்லன்னு நினைச்சுடாதீங்க, அவனையும் தனியா கூப்பிட்டு கேளுங்க. அவர்கிட்ட நீங்க கட்டாயமா கேட்டு வாங்க வேண்டிய ஒரே வாக்கு, பிள்ளைங்க முன்னாடி இந்த பேச்சு வேண்டாம்ங்கறது தான்.

கடைசியா அந்த தேதிய பத்தி. 1954 டிசம்பர் 21 வெள்ளம் வரும்னு சிகாகோ பக்கம் ஒரு சின்ன குழு காத்திருந்தாங்க, லியோன் ஃபெஸ்டிங்கர்னு ஒரு உளவியலாளரும் கூட இருந்தவங்களும் உறுப்பினர் மாதிரி உள்ள நுழைஞ்சு கவனிச்சாங்க. ஒண்ணும் நடக்காம போனப்போ, கூட்டமா சேர்ந்து காத்திருந்தவங்க இன்னும் தீவிரமா நம்பினாங்க, தனியா வீட்ல இருந்தவங்க மெதுவா விட்டுட்டாங்கன்னு எழுதினாங்க. அந்த ஆராய்ச்சி நடத்தின விதத்து மேல நெறைய விமர்சனம் உண்டு, வேவு பாக்க போனவங்களே அந்த கூட்டத்த கலக்கிவிட்டிருப்பாங்கன்னு, அதனால நான் அத அப்படியே வேதவாக்கா எடுத்துக்க மாட்டேன். ஆனா ஒண்ணு என் வேலையிலயும் பாத்திருக்கேன், ஒருத்தர் தப்பான நம்பிக்கைல இருந்து வெளிய வர்றதுக்கு வெக்கம் இல்லாத ஒரு வழி வேணும். அந்த வீடியோ குரூப் ஆளுங்களோட மட்டும் தான் அவரால பேச முடியுதுன்னா அங்கயே தான் இருப்பார். அதனால இப்போலேர்ந்தே அவரோட பழைய சிநேகிதங்க, அண்ணன் தம்பி, யார் கூட விண்கல் இல்லாம ரெண்டு மணி நேரம் பேசுவாரோ அவங்கள வீட்டுக்கு கூப்பிட்டுட்டே இருங்க.

2029 ஏப்ரல் 13 அன்னிக்கு அவர தனியா விட வேண்டாம், அந்த குரூப்போடயும் விட வேண்டாம். ஐரோப்பா, ஆப்பிரிக்கா, மேற்கு ஆசியா பக்கத்துல இருந்து அந்த கல் வெறும் கண்ணுக்கே தெரியுமாம், மத்த இடத்துல நேரடி ஒளிபரப்பு இருக்கும், குடும்பமா சேர்ந்து பாருங்க. அது கடந்து போனப்புறம் நான் தான் அப்பவே சொன்னேனேன்னு வாய தொறக்காதீங்க, பிள்ளைங்களுக்கும் சொல்லி வைங்க. இன்னொரு தேதி வரத்தான் செய்யும். இதே அபோஃபிஸுக்கு 2036, 2068ன்னு முன்னாடி பேசின ரெண்டு தேதியும் இல்லன்னு ஆயாச்சு, ஆனா வீடியோல அது இன்னும் சுத்திட்டு இருக்கு. அப்போ அவர் மறுபடி ஆரம்பிச்சா நீங்களும் மறுபடி ஆராய்ச்சி பண்ணப் போகாதீங்க, இன்சூரன்ஸ் கட்டியாச்சா, லோன் எவ்வளவு பாக்கின்னு மட்டும் கேளுங்க.

இந்த வாரம் இன்சூரன்ஸ் போன், லோன் பேப்பர், அப்புறம் பொண்ணோட பேச்சு. தூக்கத்துக்கு டாக்டர்கிட்ட தேதி கிடைச்சா எழுதுங்க, முதல் தடவ போகும்போது என்னென்ன சொல்லணும்னு தனியா எழுதி அனுப்பறேன்.